நவம்பருக்கு 20 விநாடி

வெளிநாட்டு டிவிக்காரர் ஒருவர் கோயமுத்தூருக்கு வருகிறார் என்றால், அப்போதெல்லாம் அவருடைய பெட்டிகளைத்தான் முதலில் பார்ப்போம். பீளமேடு விமான நிலையத்தில் நான் முதல் தடவை எண்ணியபோது பதினொரு அலுமினியப் பெட்டிகள் இருந்தன. கேமரா ஒன்றில், பேட்டரிகள் ஒன்றில், டிரைபாட் ஒன்றில், விளக்குகள் இரண்டில், கேசட்டுகள் தனியாக. எந்தப் பெட்டியில் என்ன சாமான், அதன் சீரியல் நம்பர் என்ன என்று சுங்கத்துறைக்குக் காட்ட ஒரு கட்டுக் காகிதம் வைத்திருந்தார்கள். இரண்டு அம்பாசடர் கார்கள் பிடித்தும் இடம் பற்றாமல், ஒரு பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ஊருக்குள் வந்தேன்.

அது 1998 பிப்ரவரி. 14-ஆம் தேதி சனிக்கிழமை சாயங்காலம், அத்வானி பேச வேண்டிய தேர்தல் கூட்டத்துக்காக ஆர்.எஸ்.புரம் காத்திருந்த நேரத்தில், ஊருக்குள் ஒன்றன்பின் ஒன்றாகக் குண்டுகள் வெடித்தன. 58 பேர் செத்துப்போனார்கள். இருநூறு பேருக்கு மேல் காயம். காயம்பட்டவர்களைக் கொண்டுபோன அரசு ஆஸ்பத்திரியையும் குண்டு விட்டுவைக்கவில்லை. நான் காந்திபுரத்தில் ஒரு டுடோரியலில் இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். டிராவல்ஸ் வைத்திருந்த நண்பர் போன் செய்தார். "டில்லியில இருந்து வெள்ளக்காரங்க ரெண்டு பேரு வர்றாங்க. இங்கிலீசும் தெரியோணும், நம்மூரு சந்து பொந்தும் தெரியோணும். நீ வந்துரு" என்றார்.

அந்த வேலைக்கு ஃபிக்ஸர் என்று பெயர் இருப்பதே எனக்கு ஒரு வாரம் கழித்துத்தான் தெரிந்தது. வண்டி பிடிப்பது, போலீசிடம் பேசுவது, யார் வீட்டுக் கதவைத் தட்டலாம் யார் வீட்டுக் கதவைத் தட்டக் கூடாது என்று சொல்வது, பேச்சை மாற்றிச் சொல்வது எல்லாம் அதில் அடக்கம். இருபத்தைந்து வருடத்துக்கு மேல் செய்தேன்.

அந்தச் செய்தியாளர் ஐம்பதைத் தொட்டுக்கொண்டிருந்தவர். பெயர் வேண்டாம், அவருக்குப் பிடிக்காது. வெளிநாட்டுச் செய்தியாளர் என்றால் என் மனதில் அதுவரை இருந்தது 1991 வளைகுடாப் போரின்போது பாக்தாத்திலிருந்து பேசிய சிஎன்என் பீட்டர் ஆர்னெட்டின் உருவம்தான். பின்னால் வானம் வெடிக்க, முன்னால் நின்று பேசுகிறவர். இவர் அப்படி இல்லை. முதல் இரண்டு நாள் கேமராவைப் பெட்டியிலிருந்து வெளியிலேயே எடுக்கவில்லை. உக்கடம், கோட்டைமேடு, பெரிய கடைவீதி, ஆர்.எஸ்.புரம் என்று நடந்தார். பார்த்தவர்களிடமெல்லாம் ஒரே கேள்வியைக் கேட்டார்: "இது எப்போது ஆரம்பித்தது?"

எல்லோரும் நவம்பர் என்றார்கள். 1997 நவம்பர் கடைசியில் உக்கடத்தில் ஒரு போக்குவரத்துக் காவலர் குத்திக் கொல்லப்பட்டார். அடுத்த சில நாட்களில் துப்பாக்கிச் சூட்டிலும் வன்முறையிலும் 18 முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள், கடைகள் எரிந்தன. பிப்ரவரியில் பையன்களைப் பறிகொடுத்த வீடுகளிலும் நவம்பரைச் சொன்னார்கள், நவம்பரில் பறிகொடுத்த வீடுகளிலும் நவம்பரைத்தான் சொன்னார்கள். ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளவில்லை, அவ்வளவுதான். எங்கள் செய்தியாளர் எல்லாவற்றையும் நோட்டில் எழுதினார்.

செய்தியின் நீளம் 2 நிமிடம் 10 விநாடி என்று தலைமையகம் சொல்லியிருந்தது. எழுதியதை ஓட்டல் அறை போனில் படித்துக் காட்டினார். நவம்பரை எடுத்துவிடுங்கள், பார்க்கிறவர்களுக்குக் குழப்பம் என்றார்கள் அந்தப் பக்கம். அவர் மறுத்தார். ராத்திரி பதினோரு மணி வரை பேச்சு நடந்தது. தன் முகம் வரும் 15 விநாடியை வெட்டிக்கொள்கிறேன், முடிவில் ஒரு வரியையும் விட்டுவிடுகிறேன், நவம்பருக்கு 20 விநாடி கொடுங்கள் என்றார். கொடுத்தார்கள். ஒரு மனிதர் 20 விநாடிக்காக அப்படி மன்றாடி நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. கேசட் விமானத்தில் சென்னைக்குப் போய், அங்கே பத்து நிமிடம் என்று வாடகைக்கு எடுத்த செயற்கைக்கோள் நேரத்தில் கடல் தாண்டியது.

இரண்டு வருடம் கழித்துத் திரும்பவும் வந்தார். 2000 ஜூலை 30 ராத்திரி, தாளவாடிக்குப் பக்கத்தில் தொட்டகாஜனூரிலுள்ள பண்ணை வீட்டிலிருந்து கன்னட நடிகர் ராஜ்குமாரை வீரப்பன் கடத்திக்கொண்டு போன சமயம். 108 நாள். நவம்பர் 15-ஆம் தேதிதான் விட்டான். நக்கீரன் கோபால் காட்டுக்குள் போவதும் வருவதுமாக இருக்க, சத்தியமங்கலம் லாட்ஜ்களில் ஊர்ப்பட்ட டிவிக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். படம் பிடிக்க ஒன்றுமே இல்லை. மரம், மலை, செக்போஸ்ட். திம்பம் மலைப்பாதையின் 27 கொண்டை ஊசி வளைவுகளையும் எத்தனை தடவை ஏறி இறங்கினோம் என்று கணக்கு வைக்கவில்லை.

சாயங்கால விமானத்தைப் பிடிக்கக் கேசட்டை எடுத்துக்கொண்டு நான்தான் ஓடுவேன். சத்தியிலிருந்து புளியம்பட்டி, அன்னூர், கோவில்பாளையம். சரவணம்பட்டியில் இடது பக்கம் ஒடித்துக் காளப்பட்டி வழியாக விமான நிலையம். ஏறத்தாழ எழுபது கிலோமீட்டர். அன்னூர் சந்தை நாள் என்றால் போச்சு. சென்னை போகும் பயணி யாராவது ஒருவரைக் கும்பிட்டு, "அங்கே ஒருத்தர் பேர் எழுதின அட்டையோட நிப்பாருங்க, அவர்கிட்டக் குடுத்துருங்க" என்று கேசட்டைக் கொடுத்துவிடுவோம். முன்பின் தெரியாதவர்கள் அதை வாங்கிக்கொண்டு போய் பத்திரமாகச் சேர்த்தார்கள். இன்றைக்கு அப்படி ஒரு பார்சலை நீட்டினால் போலீசைக் கூப்பிடுவார்கள்.

மற்றவர்கள் சீட்டாடிய அந்த நாட்களில் அவர் தாளவாடிப் பக்கம் ஊர் ஊராகப் போய், அதிரடிப்படை தேடுதலில் அடிபட்டவர்களின் வீடுகளில் உட்கார்ந்திருந்தார். கேமரா காரிலேயே கிடக்கும். முதல் நாள் காபி, இரண்டாம் நாள் ராகிக் களி, மூன்றாம் நாள்தான் பேச்சு. காத்துக் கிடப்பதுதான் இந்த வேலை என்பதை நான் அங்கேதான் படித்தேன்.

ஒரத்துப்பாளையத்தைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, கோவை, திருப்பூர் வழியாக ஓடி, கரூர்ப் பக்கம் காவிரியில் சேரும் நொய்யலின் குறுக்கே, பாசனத்துக்கென்று கட்டிய அணை அது. திருப்பூர்ச் சாயப்பட்டறைக் கழிவு அதில் வந்து தேங்கியது. உலகம் முழுக்க உடுத்தும் பனியன்களின் சாயம் அந்த ஒரு குட்டையில் நின்றது. பாசனத்துக்கு வந்த அணையை மூடு, திற என்று விவசாயிகளே கோர்ட்டுக்கு அலைந்தார்கள்.

கரையில் இறங்கியதும் எங்கள் செய்தியாளர் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, குனிந்து தண்ணீரை முகர்ந்து பார்த்தார். நோட்டை எடுத்து எதையோ எழுதினார். அப்புறம்தான் கேமராமேனைக் கூப்பிட்டார்.

பக்கத்துத் தோட்டத்தில் ஒரு பெரியவர். தலையில் உருமால், இடுப்பில் நாலு முழ வேட்டி. தென்னைகள் நின்றிருந்தன, காய்கள் கைக்குள் அடங்கும் அளவுக்குச் சிறுத்திருந்தன. எங்களைத் திண்ணையில் உட்கார வைத்துவிட்டு, பேரனைக் கடைக்கு அனுப்பிக் கலர் வாங்கி வரச் சொன்னார். கொடுத்தபோது அவர் முகத்தில் அவ்வளவு சங்கடம்.

"எளநி வெட்டிக் குடுக்கோணுமுங்க, அதுதான் மொறை. ஆனா எந் தோட்டத்து எளநிய நானே குடிக்கறதில்லீங்க. மாடு கூட அந்தத் தண்ணிய மூந்து பாத்துட்டுத் திரும்பிருதுங்க. உங்களுக்கு எப்பிடிங்க குடுப்பேன்?"

மொழிபெயர்த்துச் சொன்னேன். கேட்டுவிட்டு, "ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் ஒரே ஒலி வருகிறதே, அது என்ன?" என்றார். 'ங்க' என்பது மரியாதை என்றேன். நிலம் போய், கிணறு போய், மாடும் திரும்பிப் போகிற நிலைமையிலும் அந்த மனிதர் ஒரு வாக்கியத்தைக்கூட 'ங்க' இல்லாமல் முடிக்கவில்லை. இங்கிலீஷில் அதற்கு இடமில்லை என்றேன். கொஞ்ச நேரம் யோசித்தார். செய்தி வெளிவந்தபோது, பெரியவர் பேச ஆரம்பித்ததும் வழக்கம்போல உடனே மேலே இங்கிலீஷ் குரல் ஏறவில்லை. ஒரு முழு வாக்கியம் அவருடைய குரலிலேயே போனது. தூர தேசத்து வீடுகளில் யாருக்கும் அர்த்தம் புரிந்திருக்காது. ஆனால் அந்த 'ங்க' அவர்கள் காதில் விழுந்தது.

2011 ஜனவரியில் கழிவு வெளியேற்றாத நிலைக்கு வரும்வரை சாயப்பட்டறைகளை மூடச் சொல்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. அதற்கும் அந்தச் செய்திக்கும் சம்பந்தமில்லை, அது விவசாயிகள் வருடக்கணக்கில் நடத்திய வழக்கு. எங்கள் செய்தியாளருக்குத் தகவல் சொன்னேன். போனிலேயே அவர் குரல் உடைந்தது.

இன்றைக்குப் பெட்டிகள் வருவதில்லை. ஆளும் வருவதில்லை. வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி வரும்: 40 விநாடி, போனை நெட்டுவாக்கில் பிடித்து எடுக்கவும், ஐந்து மணிக்குள் வேண்டும். கேள்விகளும் கூடவே வந்துவிடும். எங்கள் ஊர்ப் பையன்களும் பெண்களும் எடுத்து அனுப்பிவிடுகிறார்கள். முதுகுப் பையில் நாலைந்து சிம் போட்டு, டவுன்ஹாலில் நின்றபடி நேரலை கொடுக்கிறார்கள். அன்னூர்ச் சந்தை கூட்டத்தில் கேசட்டோடு மாட்டி அழுதவன் நான். இந்த வசதியைப் பார்த்து மனதாரச் சந்தோஷப்படுகிறேன். அதைவிடப் பெரிய சந்தோஷம், உலகத்துக்குச் செய்தி சொல்லும் நிறுவனங்களில் இந்த மண்ணில் பிறந்த பிள்ளைகளே செய்தியாளர்களாக இருப்பது. எங்கள் வீட்டில் ஒரு ஆம்பளை முன்னால் வாய் திறக்காத பெண்கள், கேமரா பிடித்த இன்னொரு பெண்ணிடம் மணிக்கணக்காகப் பேசுகிறார்கள். என் காலத்தில் நடந்திருக்காது.

போன் கேமராவைக் குறைத்துச் சொல்லவும் மாட்டேன். 2009-இல் இலங்கைப் போரின் முடிவில் வன்னியில் வெளிநாட்டுச் செய்தியாளர் ஒருவரையும் சுதந்திரமாக உள்ளே விடவில்லை. சாட்சிக்கு ஆள் இருக்கக் கூடாது என்றுதான் அது. 2011-இல் சேனல் 4 காட்டியதில் பெரும்பகுதி, அங்கே இருந்தவர்களே கையிலிருந்த போனிலும் சின்னக் கேமராவிலும் எடுத்தது. கோவையில் என் வீட்டுக் கூடத்தில் அதைப் பார்த்துவிட்டு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. அங்கே சிக்கியிருந்தபடியே படம் எடுத்த மக்களைவிடப் பெரிய செய்தியாளர் யார்?

எனக்கு வலிப்பது வேறு. 2022 அக்டோபர் 23, தீபாவளிக்கு முந்தின நாள் விடியற்காலை, உக்கடத்தில் கோட்டை ஈஸ்வரன் கோயில் முன்னால் ஒரு கார் வெடித்து, உள்ளே இருந்தவர் செத்தார். ஊர் எழுவதற்குள் படம் ஊரைத் தாண்டிவிட்டது. சிசிடிவி காட்சி, வரைபடம், விவாதம், பிரேக்கிங். வெளியூரிலிருந்து ஒரு தயாரிப்பாளர் என்னைக் கூப்பிட்டார். 1998-ஐப் பற்றி ஒரு வரி போதும் என்றார். சொன்னேன். 1997 நவம்பரையும் சொன்னேன். "அதற்கு நேரமில்லை சார்" என்றார். 2 நிமிடம் 10 விநாடிக்குள் 20 விநாடி கிடைத்தது. 24 மணி நேரத்துக்குள் கிடைக்கவில்லை.

போன வருடம் சாயத் தண்ணீர் பற்றி ஒரு பேட்டி எடுக்க இளம் செய்தியாளர் ஒருத்தியோடு போயிருந்தேன். பேச்சை எழுத்தாக்கும் செயலியில் போட்டாள் அந்தப் பெண். மாடு மூந்து பார்த்ததாக ஒருவர் சொன்னதை அது 'மூன்று பார்த்தது' என்று எழுதி, இங்கிலீஷில் மூன்று மாடுகளாக்கிவிட்டது. 'ங்க' ஒன்றுகூட இல்லை. அவள் அதைப் பார்த்துவிட்டு ஒரு வார்த்தை பேசாமல், ஹெட்போனை மாட்டிக்கொண்டு முதலிலிருந்து கேட்டுக் கையால் எழுத உட்கார்ந்தாள். ஐந்து மணிக் கெடு போனது. போகட்டும் அண்ணா என்றாள். அவளை எனக்கு அப்போதே பிடித்துப்போனது.

திரும்பும் வழியில் ஒரத்துப்பாளையத்தில் வண்டியை நிறுத்தச் சொன்னேன். பெரியவர் இல்லை, எப்போதோ போய்விட்டார். கலர் வாங்க ஓடிய பேரன் இருந்தான், மீசையில் நரை. "அந்த வெள்ளக்காரரு நல்லா இருக்காருங்களா?" என்று கேட்டான்.

கரையில் நின்று அவருக்கு வீடியோ கால் போட்டேன். எண்பதை நெருங்குகிறார், நடக்க முடியாது, ஜன்னலோரம் நாற்காலி. போனைத் திருப்பி அணையைக் காட்டினேன், பேரனைக் காட்டினேன், தென்னைகளைக் காட்டினேன். அவர் முகத்தைத் திரைக்குக் கிட்டே கொண்டுவந்து பார்த்தார். படம் அவ்வளவு துல்லியம், தண்ணீரில் மிதந்த ஒரு தென்னங்கீற்றுகூடத் தெரிந்திருக்கும்.

"என்ன வாசனை வருகிறது?" என்றார்.

போனை அந்தப் பெண்ணிடம் கொடுத்துவிட்டுக் கரையில் இறங்கினேன். முழங்கால் வலித்தது. குத்துக்காலிட்டு உட்கார்ந்து, குனிந்தேன்.