தகடூருக்கு ஒரு நாள் யாத்திரை

சென்ற ஆண்டு கம்போடியா போயிருந்தோம். தனிக் கார், தனி வழிகாட்டி வைத்துக்கொண்டு, காட்டுக்குள் இருக்கும் கோ கேர் கோயில்களை ஒரு பகல் முழுக்கப் பார்த்தோம். அப்படிப் பார்க்க நம் தருமபுரிப் பக்கம் ஏதாவது உண்டா?
*(ஒரு வாசகர், பெங்களூரு)*

உண்டு. அதுவும் ஏறக்குறைய அதே காலத்தது! கோ கேர் கெமர் அரசின் தலைநகராக இருந்தது 928 முதல் 944 வரை. அதற்கு ஒரு தலைமுறை முன்னால், 893இல், தகடூரில் இருந்த சமணக் கோயிலுக்குக் கொடுத்த கொடையைச் சொல்கிறது நொளம்ப அரசன் மகேந்திரன் காலத்துக் கன்னடக் கல்வெட்டு. அந்தத் தகடூர்தான் இன்றைய தருமபுரி.

சியெம் ரீப்பிலிருந்து கோ கேருக்கு நீங்கள் போன தூரம் சுமார் 120 கிலோமீட்டர். உங்கள் வீட்டிலிருந்து தருமபுரிக்கும் கிட்டத்தட்ட அவ்வளவுதான். ஒரு வித்தியாசம் உண்டு. அங்கே நான்காம் ஜெயவர்மன் எழுப்பிய ஏழடுக்குப் பிரமிடு 36 மீட்டர் உயரம், அண்ணாந்து பார்த்திருப்பீர்கள். இங்கே, மாண்ட வீரர்களுக்கு நட்ட நடுகற்களில் பெரும்பாலானவை உங்கள் இடுப்பளவுதான். குனிந்து பார்க்க வேண்டும். குனிந்தால் கிடைப்பது குறைவில்லை.

ஒரே நாளில் எத்தனை இடம் பார்க்கலாம்? ஏழெட்டு இடம் பட்டியல் போட்டு வைத்திருக்கிறேன்.
*(ஒரு வாசகி, சேலம்)*

நான்கு போதும். மிச்சத்தை அடுத்த முறைக்கு வையுங்கள்.

காலையில் நடை திறந்ததும் தருமபுரி கோட்டைப் பகுதியிலுள்ள மல்லிகார்ஜுனேசுவரர் கோயில், பக்கத்திலேயே காமாட்சி அம்மன் கோயில்; இரண்டும் சேர்ந்து ஒரே இடம். அடுத்து, சேலம் சாலையில் அதியமான்கோட்டை சென்றாயப் பெருமாள் கோயில். அங்கே மண்டபத்து விதானத்தில் இராமாயண, பாரத ஓவியங்கள் இருக்கின்றன. முகம் பார்க்கும் கண்ணாடி ஒன்று பையில் எடுத்துப் போங்கள். அதை மடியில் வைத்துப் பார்த்தால் கழுத்து வலிக்காமல் கூரை முழுவதையும் பார்த்துவிடலாம். ஃபிளாஷ் அடிக்காதீர்கள்; பழைய வண்ணம் தாங்காது.

மதியம் கோயில்கள் நடை சாத்தும் நேரத்தில் தருமபுரி நகரில் தொல்லியல் துறையின் அகழ்வைப்பகம். முதல் நாளே கேட்டு, திறந்திருக்குமா என்று உறுதி செய்துகொள்ளுங்கள். வெயில் தாழ்ந்ததும் அரூர்ப் பக்கம் நடுகல் தேடிப் புறப்படலாம். வழியில் எங்காவது கேழ்வரகுக் களியும் கீரைக் கடைசலும் கிடைத்தால் உட்கார்ந்து சாப்பிடுங்கள். அதுவும் இந்த மண்ணின் பழமைதான்.

கோட்டைக் கோயிலில் தொங்கும் தூண் இருக்கிறதாமே? தூணுக்கும் தரைக்கும் நடுவில் காகிதத்தை விட்டு எடுக்கலாமாம்!
*(ஒரு மாணவர், பாலக்கோடு)*

இருக்கிறது. காகிதம் விட்டுப் பாருங்கள், வியந்துபோங்கள். ஆனால் அதோடு திரும்பிவிடாதீர்கள். பக்கத்தில் காமாட்சி அம்மன் கோயிலின் அடித்தளத்தைச் சுற்றி ஒரு நடை நடங்கள். யானைகள் வரிசையாகத் தாங்கி நிற்க, சின்னச் சின்னச் சிற்பங்களாக இராமாயணம் ஓடுகிறது. தூணைப் பார்க்க ஒரு நிமிடம் போதும். இராமாயணத்துக்கு ஒரு மணி நேரமாவது கொடுங்கள்.

கையில் போன் இருக்கிறது, அதில் மேப் இருக்கிறது. வழிகாட்டி எதற்கு?
*(ஒரு வாசகர், கிருஷ்ணகிரி)*

என் அனுபவத்தைச் சொல்கிறேன். அரூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் நடுகல் இருப்பதாகப் புத்தகத்தில் படித்துவிட்டு வாடகைக் காரில் போயிருந்தேன். மேப் ஊர் எல்லை வரைக்கும் கொண்டுவந்து விட்டது. அதற்கப்புறம் ‘நடுகல் எங்கே?’ என்று இரண்டு மணி நேரம் விசாரித்தேன். டீக்கடையில் தெரியாது, பள்ளிக்கூடத்தில் தெரியாது, பஸ் ஸ்டாப்பில் தெரியாது. கடைசியில் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு பாட்டியிடம், ‘ஒரு கல்லுங்க பாட்டி, அதுல வில்லு பிடிச்ச ஆள் செதுக்கியிருக்கும்’ என்றேன். ‘அட, வேடியப்பனையா கேக்கறீங்க? அதோ, புளியமரத்தடியில இருக்காரு பாருங்க’ என்றார். அந்த மரத்தைத் தாண்டி மூன்று முறை போய் வந்திருந்தேன்!

தருமபுரி, கிருஷ்ணகிரி, திருவண்ணாமலைச் சீமையில் பல நடுகற்களுக்கு மக்கள் வைத்திருக்கும் பெயர் வேடியப்பன். அந்த ஒரு சொல் தெரிந்தால் பாதி வழி தெரிந்த மாதிரி. மீதி வழி அந்த ஊர்க்காரருக்குத்தான் தெரியும். கல்வெட்டு படிக்கத் தெரிந்த ஒருவரை நகரிலிருந்து கூட்டிப்போங்கள். போன இடத்தில் அந்த ஊர்க்காரர் ஒருவரையும் சேர்த்துக்கொள்ளுங்கள். முன்னவருக்குக் கல்லின் அன்றைய கதை தெரியும், பின்னவருக்கு இன்றைய கதை தெரியும். இரண்டும் வேண்டும். அரை நாள் வேலையை விட்டுவிட்டு வருகிறவருக்கு அரை நாள் கூலியை மனமுவந்து கொடுங்கள்.

நடுகல்லை எப்படிப் பார்க்க வேண்டும்? எனக்கு எல்லாக் கல்லும் ஒரே மாதிரி தெரிகிறது.
*(ஒரு வாசகி, பாப்பிரெட்டிப்பட்டி)*

ஒரு கல்லின் முன்னால் பத்து நிமிடம் உட்காருங்கள். முதலில் கைகள். இடது கையில் வில், வலது கையில் குத்துவாள் என்றால் அவன் சண்டைக்குப் போனவன். அடுத்து உடம்பு. மார்பிலோ தொடையிலோ கோடு கோடாகத் தெரிபவை அம்புகள். காயத்தை மறைக்காமல் செதுக்கியிருக்கிறார்கள், ஏனென்றால் அந்தக் காயத்துக்காகத்தான் கல்லே. அப்புறம் காலடி. மாடு நின்றால் ஆநிரை கவரவோ மீட்கவோ போய் இறந்தவன். புலி பாய்ந்தால் ஊருக்காகப் புலியோடு மல்லுக்கட்டியவன். பிற்காலக் கல் என்றால் மூன்று அடுக்கு இருக்கும்: கீழே போர், நடுவில் அவனைத் தூக்கிச் செல்லும் தேவமகளிர், மேலே சிவலோகம்.

எழுத்து இருந்தால் பெரும்பாலும் வட்டெழுத்து. எந்த அரசனின் எத்தனையாவது ஆண்டு, எந்த ஊர், யாருடைய ஆள், எதற்காகச் செத்தான் என்பது நான்கைந்து வரியில் இருக்கும். முடிவில் ‘பட்டான்’ என்ற சொல் வரும். சண்டையில் விழுந்து இறந்தான் என்று பொருள். அரசனின் புகழ் பாடும் மெய்க்கீர்த்தியில் இடம் கிடைக்காத மனிதனுக்கு இந்த நாட்டில் பெயர் கிடைத்த இடம் இதுதான்.

போன வருஷம் போயிருந்தேன். எழுத்து இருக்கிறது என்றார்கள், ஒன்றுமே தெரியவில்லை!
*(ஒரு வாசகர், தருமபுரி)*

உச்சி வெயிலில் போயிருப்பீர்கள். காலை எட்டுக்கு முன்னாலோ மாலை ஐந்துக்குப் பின்னாலோ போங்கள். வெயில் பக்கவாட்டில் சாய்ந்து விழும்போது ஒவ்வொரு வெட்டிலும் நிழல் தங்கி, எழுத்து தானாக எழுந்து நிற்கும். நிழலான இடமா? டார்ச்சைக் கல்லோடு ஒட்டிப் பக்கவாட்டில் பிடியுங்கள். சாக்பீஸ், சுண்ணாம்பு, மாவு எதையும் தடவாதீர்கள். ஆயிரம் வருஷம் தாங்கிய எழுத்து நாம் தேய்ப்பதைத் தாங்காது.

வேடியப்பனுக்கு எண்ணெய் ஊற்றி, பெயின்ட் அடித்து, கல்வெட்டையே மறைத்துவிடுகிறார்களே. தடுக்கக் கூடாதா?
*(ஓர் ஆசிரியர், பென்னாகரம்)*

பெயின்ட் வேண்டாம் என்று பக்குவமாகச் சொல்லலாம், சொல்ல வேண்டும். ஆனால் ஒன்றை யோசியுங்கள். கும்பிடுகிற கல்லை யாரும் ஜல்லிக்கு உடைப்பதில்லை, வரப்புக்குப் போடுவதில்லை, அதன்மேல் துணி துவைப்பதில்லை. கும்பிடாத கல்லுக்கு இவை மூன்றும் நடந்திருக்கின்றன. நாம் இடிபாடு என்கிறோம், அவர்கள் சாமி என்கிறார்கள். அங்கே நாம் விருந்தாளிகள். செருப்பைக் கழற்றிவிட்டு, ‘படம் எடுத்துக்கலாங்களா?’ என்று கேட்டுவிட்டு எடுங்கள்.

காவல் இல்லாத இடங்களில் சிலை திருட்டு நடக்காதா?
*(ஒரு வாசகர், அரூர்)*

நடக்கும். எல்லா நாட்டிலும் நடந்திருக்கிறது. கோ கேரில் பிரசாத் சென் என்ற கோயிலில் பீமனும் துரியோதனனும் மோதும் காட்சி சிலைகளாக நின்றது. உள்நாட்டுப் போர்க் காலத்தில் திருடர்கள் சிலைகளைக் கணுக்காலோடு உடைத்து எடுத்துப் போனார்கள். பீடத்தில் பாதங்கள் மட்டும் எஞ்சின. அந்தப் பாதங்களே பிறகு சாட்சி சொல்லின. நியூயார்க்கில் ஏலத்துக்கு வந்த துரியோதனன் இந்தப் பீடத்துக்குரியவன் என்று காட்ட முடிந்தது. 2014இல் சிலை கம்போடியாவுக்குத் திரும்பியது. அதே ஆண்டுதான் அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தானில் திருடுபோன நடராசர் ஆஸ்திரேலியாவிலிருந்து திரும்பினார்.

நீங்கள் செய்யக்கூடியது இது: பார்த்த கல்லை முன், பின், பக்கம், அதன் சுற்றுப்புறம் என நான்கு பக்கமும் படம் எடுத்துத் தேதியோடு பத்திரப்படுத்துங்கள். நாளைக்கு அந்தப் படமே சாட்சி. ஆளில்லாத இடத்துக் கல் இன்ன இடத்தில் இருக்கிறது என்று ஊரறியப் பரப்ப வேண்டாம். தொல்லியல் துறைக்குத் தெரிவியுங்கள்.

எங்கள் தோட்டத்தில் உழும்போது எழுத்துள்ள கல் ஒன்று தட்டுப்பட்டது. என்ன செய்வது?
*(ஒரு விவசாயி, காரிமங்கலம்)*

ஏரை நிறுத்துங்கள். கல்லை நகர்த்தாதீர்கள், கழுவித் தேய்க்காதீர்கள். கிராம நிர்வாக அலுவலரிடமோ வட்டாட்சியரிடமோ சொல்லுங்கள். புதையல் கிடைத்தால் ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிற சட்டம் 1878 முதலே இருக்கிறது. கல் எந்த மண்ணில், எந்தத் திசை பார்த்துக் கிடந்தது என்பதும் செய்திதான். பென்னாகரம் பக்கத்துப் பெரும்பாலையில் 2022இல் தொல்லியல் துறை அகழாய்வு செய்தது. மண்ணைக் கலைக்காமல் விட்டுவைத்தவர்கள் இருந்தால்தான் அப்படித் தோண்டிப் படிக்க முடியும்.

பிள்ளைகளைக் கூட்டிப் போனால் அலுத்துக்கொள்கிறார்கள். என்ன சொல்லிக் கூட்டிப் போவது?
*(ஒரு வாசகி, நல்லம்பள்ளி)*

நாய்க் கதை சொல்லுங்கள். பக்கத்துத் திருவண்ணாமலை மாவட்டத்தில் எடத்தனூர் நடுகல். காலம் பல்லவன் மகேந்திரவர்மன் காலம். மாட்டுக்காக நடந்த சண்டையில் எசமானன் விழுந்த பிறகு, கள்ளர்களைக் கடித்துக் காத்து நின்ற நாய்க்கும் அதே கல்லில் உருவமும் பெயரும் இருக்கின்றன. நாயின் பெயர் கோவிவன். கேட்ட பிள்ளைகள் உங்களுக்கு முன்னால் காரில் ஏறிவிடுவார்கள்!

வாடகைக் கார் பேசும்போது எதைக் கவனிக்க வேண்டும்?
*(ஒரு வாசகர், மொரப்பூர்)*

கிலோமீட்டர் கணக்கா நாள் கணக்கா, டிரைவர் பேட்டா, வெயிட்டிங், டோல் எல்லாவற்றையும் ஏறுவதற்கு முன்பே பேசிவிடுங்கள். மண் பாதையில் வர வேண்டியிருக்கும் என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள். டிரைவரையும் கல்லருகே அழைத்துக் காட்டுங்கள். அடுத்த முறை அவரே நான்கு பேரை அழைத்து வருவார்.

இவ்வளவு சொல்கிறீர்கள். உண்மையில் அதியமான் கட்டியது என்று காட்ட அங்கே என்னதான் மிச்சம் இருக்கிறது?
*(ஒரு கல்லூரி மாணவி, தருமபுரி)*

நல்ல கேள்வி. எனக்குத் தெரிந்து, அவன் கட்டியது என்று உறுதியாகக் காட்டும்படி எதுவும் இல்லை. அதியமான் ஆண்ட தகடூரைச் சேர அரசன் பெருஞ்சேரல் இரும்பொறை முற்றுகையிட்டு வென்றான். அந்தப் போரைப் பாட ‘தகடூர் யாத்திரை’ என்றே ஒரு நூல் இருந்தது. இன்று அந்த நூல் இல்லை. உரையாசிரியர்கள் எடுத்துக்காட்டியதாலும், புறத்திரட்டு தொகுத்தவர் சேர்த்துவைத்ததாலும் சில பாடல்கள் மட்டும் பிழைத்தன. முழு நூலை யாரும் காப்பாற்றவில்லை, ஆனால் அவரவர் கைக்கு எட்டியதைக் காப்பாற்றினார்கள்.

எனக்கு வேடியப்பனைக் காட்டிய அந்தப் பாட்டி புளியமரத்தடியில் விளக்கேற்றிச் செய்வதும் அதையேதான். நீங்களும் ஒரு நாள் போங்கள். ஒரே ஒரு கல்லையாவது நன்றாகப் பாருங்கள். அந்தக் கல்லில் இருப்பவனின் பெயரை மனப்பாடம் செய்துகொண்டு வந்து, வீட்டில் நான்கு பேரிடம் சொல்லுங்கள். மிச்சம் இருப்பது அப்படித்தான் மிஞ்சியது.