டோல்கேட்டிலிருந்து ஐரோப்பா: மூன்று நாள், ஒரு வேன்

குடும்பத்தோடு ஐரோப்பாவை கேரவனில் சுற்ற ஆசைப்படுகிறவர்கள் வட சென்னை டோல்கேட்டிலும் உண்டு. விசாவுக்கு ஆறு மாத பேங்க் ஸ்டேட்மென்ட் என்றதும் பாதிப் பேர் கழன்றுகொள்வார்கள். மீதிப் பேருக்காக இந்தக் கையேடு. ஐரோப்பியர் நம் கடற்கரையிலேயே ஊர் கட்டி வைத்திருக்கும்போது விமானம் எதற்கு?

1. வண்டி

டிராவல்ஸில் கேரவன் கேட்காதீர்கள், "எந்த ஹீரோவுக்கு சார்?" என்பார்கள். 12 சீட் வேன் போதும். நீங்கள் 15 பேர், ஆகவே கச்சிதம். கடைசி சீட்டில் ஆயா கால் நீட்டினால் அதுதான் படுக்கையறை. எலுமிச்சை சாதத் தூக்கு இருக்கும் இடம் சமையலறை. மூன்றாவது வசதிக்குப் பெட்ரோல் பங்க். டிரைவர் பேட்டா, புதுச்சேரி பர்மிட் இரண்டும் வாடகையில் சேர்த்தியா என்று முதலிலேயே கேளுங்கள்.

2. புறப்பாடு

காலை நாலு மணி என்று அறிவியுங்கள், ஏழுக்குக் கிளம்பலாம். வடிவுடையம்மன் கோயிலில் சக்கரத்துக்கு எலுமிச்சம்பழம் வைக்காமல் பெரியம்மா ஏற மாட்டார். போகும் வழியில் காலடிப்பேட்டை வரும். 1717 முதல் 1720 வரை சென்னை கவர்னராக இருந்த ஜோசப் காலெட் நெசவாளர்களைக் குடியேற்றிய இடம். அவர் பெயர்தான் நம் வாயில் இப்படித் தேய்ந்தது. கன்டெய்னர் லாரி வரிசை நகரும்வரை இதைப் பிள்ளைகளுக்கு விளக்கலாம். நேரம் தாராளமாக இருக்கும்.

3. ஹாலந்து (பழவேற்காடு)

1613இல் டச்சுக்காரர் கட்டிய கெல்டிரியா கோட்டை இன்று முட்புதர். கல்லறைத் தோட்டம்தான் பார்க்க வேண்டியது. வாசலிலேயே கல்லில் செதுக்கிய எலும்புக்கூடுகள் வரவேற்கும். உள்ளே கல்பலகைகளில் குடும்பச் சின்னங்களும் டச்சு எழுத்துகளும் விரலால் தடவிப் படிக்கலாம்போல் புடைத்து நிற்கும். "செத்த பிறகும் இன்னா பந்தா பாரு!" என்பார் ஆயா. இதைவிட நல்ல கைடு கிடைக்காது. இறால் வாங்க விடாதீர்கள். இன்னும் இரண்டு நாள் பாக்கி இருக்கிறது.

4. இங்கிலாந்து (ஜார்ஜ் கோட்டை)

1640இல் தொடங்கிய குடியிருப்பு. உள்ளே 1680இல் திறந்த செயின்ட் மேரீஸ் சர்ச். 1753இல் ராபர்ட் கிளைவுக்குக் கல்யாணம் நடந்தது இங்கேதான். எத்தனை பேர் உட்காரலாம், சாப்பாட்டுப் பந்தி எங்கே என்று பெரியப்பா விசாரிப்பார். தலைமைச் செயலகத்தைப் பார்த்ததும் மனு எழுத உட்கார்ந்துவிட்டால், அன்றைய பயணம் அதோடு முடிந்தது.

5. பிரான்ஸ் (புதுச்சேரி)

1674இல் வந்த பிரெஞ்சுக்காரர் 1954இல் நிர்வாகத்தை ஒப்படைத்தார்கள். மஞ்சள் சுவர், சிவப்புத் தொப்பி போலீஸ், ஒவ்வொன்றின் முன்னாலும் செல்ஃபி. "தண்ணி பாட்டில் வாங்கிட்டு வரேன்" என்று இறங்கும் சித்தப்பாவோடு ஒரு பிள்ளையையும் அனுப்புங்கள். திரும்பும்போது செக்போஸ்ட்டில் சீட்டுக்கு அடியில் தேடுவார்கள்; அங்கே ஆயாவின் வெற்றிலைப் பெட்டி மட்டும் இருக்கட்டும்.

6. டென்மார்க் (தரங்கம்பாடி)

தஞ்சை ரகுநாத நாயக்கரிடம் 1620இல் ஒப்பந்தம் போட்டு டேனிஷ்காரர் கட்டிய டான்ஸ்போர்க் கோட்டை, கடலைப் பார்த்தபடி நிற்கிறது. 1706இல் வந்திறங்கிய ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு தமிழ் கற்று, தமிழிலேயே புத்தகம் அச்சடித்தார். மூன்று நாளில் உங்கள் பிள்ளைகள் கற்றது வேன் ஹாரனின் ராகம் மட்டுமே என்றாலும் மனம் தளராதீர்கள்.

7. திரும்புதல்

நான்கு நாட்டாரும் மிளகும் துணியும் வாங்கிப்போகத்தான் வந்தார்கள். டேனிஷ்காரர் 1845இல் ஊரை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டுப் போனார்கள். மொத்தம் 225 வருஷம். நாயக்கர் ஆண்டுக் கப்பம் பேசினார், எப்போது காலி செய்வீர்கள் என்று பேசவில்லை. நீங்கள் அட்வான்ஸ் கொடுக்கும்போதே வேன் திரும்பும் நேரத்தையும், ஒரு நாள் கூடினால் எவ்வளவு என்பதையும் பேசிவிடுங்கள்.