எங்க பூனை ரொம்ப சாது!

கால்நடை ஆஸ்பத்திரி பெஞ்சில் அவரை நீங்கள் சுலபமாகக் கண்டுபிடிக்கலாம். முழங்கை வரை கீறல், சட்டையெல்லாம் வெள்ளை முடி, வாயில் ஒரே வசனம்: "எங்க பூனை ரொம்ப சாது, டாக்டர்."

பூனைக் கூடை அவர் வீட்டில் பரண்வாசி. வருஷாந்தர தடுப்பூசிக்கு மட்டும் கீழே இறங்கும். அந்தக் கம்பிக் கதவு 'கிணுங்' என்றதுமே பூனை பீரோவுக்குப் பின்னால். "ஊசின்னு சத்தமா சொல்லாதீங்க, அதுக்குக் கேட்டுடும்" என்று அவர் கிசுகிசுப்பது எதிர்வீட்டுக்கே கேட்கும். பிறகு போர்வையோடு வேட்டை. நாலு கிலோ ஜீவனுக்கு நாலு பேர். கடைசியில் பிடரியைக் கவ்விப் பிடித்துத் திணிப்பார். பூனைக்கு நாலு கால் என்பது பாடப்புத்தகக் கணக்கு. கூடை வாசலில் எண்ணினால் பதினாறாவது தேறும்.

ஆட்டோவில் வழியெல்லாம் "ஒண்ணுமில்லடா செல்லம், ஒண்ணுமில்லடா." ஐம்பது தடவை அப்படிச் சொன்னால் மனுஷனுக்கே வயிற்றைக் கலக்கும். நடுவே டிரைவருக்கும் ஓர் அதட்டல்: "பள்ளத்துல விடாதப்பா!"

"ரோடே பள்ளம்தான் சார்."

போனதும் கூடையைத் தரையில், ஒரு லாப்ரடாரின் மூக்குக்கு நேராக வைத்துவிட்டு, நாய்க்காரரிடம் பூனையின் குலப்பெருமை பேசத் தொடங்குவார். நாற்காலி மேல் வைத்து, ஒரு துண்டைப் போட்டு மூடினால் பாதிப் பயம் போய்விடும் என்று டாக்டர் சொல்லாத வருஷமில்லை. துண்டு நம்மவர் தோளில்தான் இருக்கும், வியர்வை துடைக்க.

"பயத்துல இதுக்கு நெஞ்சு நிமிஷத்துக்கு இருநூறுக்கு மேல அடிக்குது சார். ரத்தச் சர்க்கரைகூட ஏறும்."

"எனக்கும் 180 இருக்கு டாக்டர்!"

வீடு திரும்பியதும் கூடையை நேரே இரண்டாவது பூனையின் முன்னால் திறப்பார். ஆஸ்பத்திரி வாடையோடு வருகிறவனை அதற்கு அடையாளம் தெரியாது, சீறும். பங்காளிச் சண்டை. சமாதானம் பேசப் போய்ப் புதுக் கீறல் வாங்குவது வழக்கம்.

இந்த வருஷம் பொறுப்பை வீட்டம்மா எடுத்துக்கொண்டார். மூன்று வாரம் முன்பே கூடை ஹாலுக்கு வந்தது. கதவு திறந்தபடி, உள்ளே தன் பழைய புடவை, அவ்வப்போது ரெண்டு நெத்திலிக் கருவாடு. பூனை முதலில் மோந்து பார்த்தது. அப்புறம் அதிலேயே தூக்கம். கிளம்புகிற காலையில் தீனி கிடையாது, ஆட்டோவில் வாந்தி எடுக்குமே! டாக்டர் எழுதிக் கொடுத்திருந்த, பயம் தணிக்கும் காபாபென்டின் மருந்தை, அவர் சொன்ன அளவில், புறப்பட இரண்டு மணி நேரம் முன்பே கொடுத்தாயிற்று. (அதில் பாதியை இவருக்குத் தரலாமா என்று அம்மா கேட்டதாகக் கேள்வி.) மேல்மூடி கழற்றுகிற மாதிரிக் கூடை. மூடியை எடுத்துவிட்டு, பூனை புடவையில் படுத்தபடியே இருக்க, ஊசி போட்டார் டாக்டர். திரும்பி வந்ததும் வாடை போகிறவரை தனி அறை. பங்காளிகள் மறுநாள் ஒரே தட்டில்.

டாக்டர் போட்டது ஒரே ஒரு நிபந்தனை: ஊசி முடிகிறவரை சார் வெளியே ஆட்டோவிலேயே இருக்கவேண்டும். இருந்தார். டிரைவரிடம் சொல்லிக்கொண்டிருந்தார்: "எங்க பூனை ரொம்ப சாது."