கணக்குப்பிள்ளை போதாதா?

கேள்வி: சம்பளம் போடுகிற சாஃப்ட்வேரை விற்றே கம்பெனிகள் கொழிக்கின்றனவாமே! அதற்கு ஒரு கணக்குப்பிள்ளை போதாதா?
- ஒரு வாசகர், உத்தமபாளையம்

பதில்: விடியுமுன் உங்கள் ஊரிலிருந்து ஏலத்தோட்டத்துக்கு ஆள் ஏற்றிப் போகும் ஜீப்புக்குத் தாராளமாகப் போதும். ஒரு நோட்டு, காதில் ஒரு பேனா, வாரக் கடைசியில் பட்டுவாடா. ஆனால் 20 பேர் வேலை பார்த்தாலே பி.எஃப். வந்து நிற்கும், பிடித்தம் 12 சதவீதம். மாதச் சம்பளம் 21,000 ரூபாய்க்குள் என்றால் இ.எஸ்.ஐ.; தொழிலாளிக்கு 0.75, முதலாளிக்கு 3.25 சதவீதம். அரையாண்டுக்கொரு முறை பேரூராட்சிக்குத் தொழில்வரி. வருமான வரியிலோ பழைய முறை, புதிய முறை என்று இரண்டு. அரசாங்கம் விதியை மாற்ற மாற்ற, சாஃப்ட்வேர்காரர் காட்டில் மழைதான்!

வியாபார சூட்சுமம் இன்னொன்று: சரக்கை ஒரே தடவை விற்பதில்லை, தலைக்கு இவ்வளவு என்று மாதாமாதம் வசூல். வாங்கிய கம்பெனி ஆள் சேர்த்தால் விற்ற கம்பெனிக்கும் வரவு கூடும். 1996-ல் அட்வென்ட்நெட் என்ற பெயரில் நெட்வொர்க் மென்பொருளோடு கிளம்பிய ஸோஹோ, இன்று வருகைப்பதிவு முதல் சம்பளச் சீட்டு வரை விற்கிறது. தென்காசிப் பக்கம் மத்தளம்பாறையிலும் அதற்கு அலுவலகம் உண்டு. சென்னை ராம்கோ சிஸ்டம்ஸ் பல நாட்டுக்காரர்களுக்குச் சம்பளக் கணக்குப் போடுகிறது.

ஒரே குறை. கணக்குப்பிள்ளையிடம், "அண்ணே, ஐந்நூறு அட்வான்ஸ்" என்று தலையைச் சொறியலாம். சாஃப்ட்வேரிடம் சொறிந்தால், "தங்கள் கோரிக்கை மேலாளரின் பரிசீலனையில் உள்ளது" என்று வரும். மேலாளரோ லீவில் இருப்பார். அந்த லீவையும் அதே சாஃப்ட்வேர்தான் கொடுத்திருக்கும்!