பலகைக்கு வயது ஏற்றுதல்: போடி மலைச்சரிவை முன்வைத்து ஓர் ஆய்வு

1. ஆய்வுச் சிக்கல்

போடிநாயக்கனூரில் ஏலக்காய்க்கு முதுமை ஆகாது. பறித்த கையோடு ஸ்டோருக்குக் கொண்டுபோய், வெயில் காட்டாமல், மிதமான சூட்டில் உலர்த்திப் பச்சை நிறத்தைக் காப்பாற்றுகிறார்கள். வெளுத்த காய்க்கு ஏலத்தில் விலை இறங்கும். அந்தக் காய் விற்ற காசில் போடிமெட்டுப் பக்கம் விடுதி கட்டுகிறவரோ, நேற்று அறுத்த சில்வர் ஓக் பலகையைக் காட்டி, "ஆசாரி, தாத்தா காலத்துப் பலகை மாதிரி பண்ணிக் குடுங்க" என்கிறார். ஒரே சரிவில் காய்க்கு இளமையும் கட்டைக்கு முதுமையும் காசாவது எப்படி?

2. இயற்கையின் வேகம்

மரத்தின் நார்களைப் பசைபோல் பிடித்து வைத்திருப்பது லிக்னின். வெயிலின் புற ஊதாக் கதிர் அதைச் சிதைக்கும், மழை கழுவிவிடும். மிஞ்சும் செல்லுலோஸும் பூஞ்சணமும் சேர்ந்து சாம்பல் நிறம் தரும். வெளியில் நிற்கும் பைன் வகைப் பலகை இப்படி நூறாண்டில் இழப்பது சுமார் 6 மி.மீ. தரம் பிரித்த 8 மி.மீ. ஏலக்காயின் பருமன் அளவுக்குத் தின்னக்கூட இயற்கைக்கு ஒரு நூற்றாண்டு போதவில்லை. விடுதித் திறப்பு விழாவோ வருகிற தை மாதம்.

3. செய்முறைப் பள்ளிகள்

(அ) பிரஷ் பள்ளி: கம்பி பிரஷால் நாரோட்டத்தோடு தேய்த்தால் மென்மையான பாகம் உதிர்ந்து, கடின வரிகள் மேடாக நிற்கும். உப்புத்தாள் போட்டு வழவழப்பாக்க வாங்கிய கூலியை ஆசாரி இப்போது சொரசொரப்பாக்க வாங்குகிறார்.

(ஆ) நாட்டுமருந்துப் பள்ளி: கடுக்காய்க் கஷாயம் பூசிக் காயவிட்டு, மேலே அன்னபேதிக் கரைசல் தடவினால் பலகை கண்ணெதிரே கறுக்கும். கடுக்காயின் டானினோடு இரும்பு சேர்வதே காரணம். வெளிநாட்டார் தேயிலை டிகாக்‌ஷனையும் வினிகரில் ஊறிய இரும்பு நாரையும் வைத்து இதையே சாதிக்கிறார்கள்.

(இ) தீப் பள்ளி: ஜப்பானியர் பலகையைக் கருக்குவது அது நெடுநாள் உழைக்க, நம்மவர் கருக்குவது நெடுநாள் உழைத்ததாகத் தோன்ற.

4. அசல் அறிதல்

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவின் பழம்பொருள் கடைகளில், செட்டிநாட்டு வீட்டிலிருந்து இறங்கிய பர்மா தேக்குக் கதவைத் தடவிப் பாருங்கள். தாழ்ப்பாள் பக்கம் கைபட்டு மெருகேறியிருக்கும். கை எட்டாத மேல்விளிம்பில் அந்த மெருகு இராது. புழங்கிய இடத்தில்தான் வயது ஏறும். போலிப் பலகையோ தலை முதல் கால் வரை ஒரே நாளில் கிழமாகியிருக்கும். பூச்சி அரித்ததுபோல் போடும் துளையும் அப்படியே: பூச்சி உள்ளே வளைந்து நெளிந்து போகும், துறப்பணம் நேராகப் போகும். மெல்லிய கம்பி விட்டால் தெரிந்துவிடும்.

5. முடிவும் பரிந்துரையும்

1972ஆம் ஆண்டின் தொல்பொருள் சட்டம் பொதுவாக நூறு வயது கேட்கிறது. அன்னபேதியை அது கணக்கில் சேர்ப்பதில்லை. விடுதிக்காரருக்கு அந்தக் கவலை இல்லை. ஏலக்காயில் நாம் வாங்குவது சரக்கை. பலகையில் வாங்குவது பாட்டனை. ஆய்வுச் சிக்கலுக்கு விடை இதுவே.

ஐயமிருப்போர் பலகையைத் திருப்பிப் பார்க்கலாம். முதுமைக்குப் பேசிய கூலி முன்பக்கத்துக்கு மட்டுந்தான். பின்பக்கத்தில் வட்ட ரம்பத்தின் தடம் புத்தம் புதிதாக இருக்கும்.