கழிவறையில் கிடைத்த ஞானம்

ஒரு மேதைக்கு ஆப்பிள் மரத்தடி, இன்னொருவருக்குக் குளியல் தொட்டி. ‘பேக் டு தி ஃபியூச்சர்’ (1985) படத்தின் டாக்டர் எம்மெட் பிரவுனுக்கு வாய்த்தது கழிவறை. 1955 நவம்பர் 5 அன்று, பீங்கான்மேல் ஏறி நின்று கடிகாரம் மாட்டப் போனவர் வழுக்கி விழுந்தார். மண்டையில் அடிபட்டு எழுந்தபோது காலப் பயண எந்திரத்தின் சூட்சுமம் கண்முன் தெரிந்ததாம். நாமெல்லாம் விழுந்தால் வீக்கம்தான்.

அதைக் கட்டி முடிக்கக் கிட்டத்தட்ட 30 ஆண்டுகளும் பரம்பரைச் சொத்து மொத்தமும் கரைந்தன. வண்டிக்கு அவர் பிடித்தது டெலோரியன் கார். அதைத் தயாரித்த கம்பெனியோ 1982-லேயே திவால். எதிர்காலத்துக்குப் போக, எதிர்காலமே இல்லாத கம்பெனியின் கார்! எரிபொருள் புளூட்டோனியம். அதைக் கொடுத்த லிபியத் தீவிரவாதிகளுக்கு அணுகுண்டு என்று சொல்லி, பழைய பின்பால் எந்திரப் பாகங்களை அடைத்துக் கொடுத்தார். (விஞ்ஞானத்தைவிட இந்தத் தொழிலில்தான் அவருக்குக் கை சுத்தம் என்பது என் கணிப்பு.)

மணிக்கு 88 மைல் வேகத்தில் காலம் தாண்டிய முதல் பயணி, அவருடைய நாய் ஐன்ஸ்டீன். பயணப்படி கேட்கவில்லை.

மூன்றாம் படத்தில் 1885-ல் சிக்கிக்கொண்டு கொல்லுப்பட்டறை வைக்கிறார், டீச்சர் கிளாராவிடம் மனதைப் பறிகொடுக்கிறார். வரலாற்றில் கை வைக்காதே என்று தன் கூட்டாளியான சின்னப் பையன் மார்ட்டிக்கு ஓயாமல் உபதேசித்தவர், முடிவில் ஒரு ரயிலையே கால எந்திரமாக்கி, மனைவி, ஜூல்ஸ், வெர்ன் என்ற இரண்டு பிள்ளைகள், நாய் சகிதம் வந்து இறங்குகிறார். டிக்கெட் பரிசோதகர் யாரும் கண்ணில் படவில்லை.