கொண்டைக்குக் காவல்

கூந்தல் இருக்கிறவ அள்ளி முடியிறான்னு சொலவடை உண்டு. முடிஞ்ச கொண்டைக்கு ராத்திரி பூரா காவல் இருக்கிறதப் பத்தி ஒரு சொலவடை சொல்லு பாப்போம். யோசிக்காத பிள்ளே, கிடையாது. நம்ம பக்கம் எவளும் சோடிச்ச தலயோட படுத்ததில்ல. அப்புறம் சொலவடை எங்கேருந்து வரும்?

இப்ப அதுதான் பெரிய வித்தையாம். பேத்தி போன்ல காட்டுதா. ஒரு பிள்ள தல நெறையச் சுருள் வச்சுக்கிட்டு, தூங்கி எந்திரிச்சாலும் கலையாம இருக்க பதினோரு வழின்னு பாடம் எடுக்கா. பதினோரு வழியா! காசிக்குப் போறதுக்கே அத்தன வழி கிடையாதே.

சாட்டின் தலகாணி உறையாம். பட்டுத் துணியில குல்லாவாம். எல்லா முடியவும் உச்சந்தலைக்குக் கூட்டிக் கட்டி, அதுக்கு அன்னாசிக் கொண்டைன்னு பேராம். விடியக்குள்ள பழுத்துருமா, வெட்டித் திங்கலாமான்னு கேட்டேன். போனப் புடுங்கிக்கிட்டுப் போயிட்டா.

நீ மூஞ்சியத் தூக்காத. ஒன்னயக் குத்தம் சொல்ல வரல. முடிக்காகத் தூக்கத்தக் கெடுத்தவ நீ ஒருத்திதான்னு நெனைக்கியா? ஒலகமே கிறுக்குதான்.

ஜப்பான்ல பொம்பளைக ஒரு மரப்பெட்டி, அதுக்கு மேல சின்னத் திண்டு, அதுல கழுத்த மட்டும் வச்சுப் படுத்தாக. தல அந்தரத்துல நிக்கும். கொண்டை எதுலயும் படாது. கியோட்டோவுல கெய்ஷா ஆகப் படிக்கிற சின்னப் பிள்ளைகள மைக்கோம்பாக. அதுக இன்னிக்கும் ஒசந்த தலகாணியிலதான் கழுத்த வச்சுத் தூங்குதுக. ஒரு தடவ கொண்டை போட்டா ஏறக்கொறைய ஒரு வாரம் தாங்கணும். புரண்டு படுக்க முடியுமா? கனவு கண்டுகூட தலய ஆட்ட முடியாது. ஆப்பிரிக்காவுல லூபா சனங்க, ஷோனா சனங்க மரத்துலயே கழுத்துத் தாங்கி செதுக்குனாக. லண்டன் மியூசியத்துல கொண்டு போயி வச்சிருக்கான். அவுக சோடிச்ச சோடனைக்கு அது தகும். மணிக்கணக்கா ஒருத்தி ஒக்காந்து பின்னுனத ஒரு ராத்திரியில பாழாக்க மனசு வருமா?

பிரான்சுக்காரி கூத்துதான் கூத்து. மரி அந்துவானெத் ராணி காலம். லியோனார்னு ஒரு முடி அலங்காரக்காரன். 1770கள்ல அவனும் அவனப் பாத்து மத்தவனும் சீமாட்டிக தலயில கோபுரம் கட்ட ஆரமிச்சாக. உள்ள திண்டு, அதச் சுத்தி முடி, அதுக்கு மேல மிருகக் கொழுப்பு, கொழுப்புக்கு மேல மாவு. 1778ல பெல் பூல்னு பிரெஞ்சுக் கப்பல் ஒண்ணு இங்கிலீஷ்காரன் கப்பலோட மோதிச்சு. அவ்வளவுதான். பாரீஸ்ல அந்தக் கப்பலப் பாய்மரத்தோட தல மேல ஏத்திக்கிட்டாக. சண்ட போட்டவன் கடல்ல, கப்பல் இவ தலயில! வாரக்கணக்குல அவுக்க மாட்டாக. அரிச்சா? வெரலு உள்ள போகாதுல்லா, சொறியிறதுக்குன்னே நீளக் குச்சி வச்சிருந்தாக. நம்ம ஈருகோலி எவ்வளவோ மரியாதப்பட்ட சாமான்.

இங்கிலாந்துலயும் தலயில மாவு தூவுனாக. சர்க்கார் பாத்தான். 1795ல அதுக்கு வரி போட்டான், ஆளுக்கு வருசம் ஒரு கினி. சனங்க நைசா மாவு தூவுறத விட்டுட்டாக. துட்டு கேட்டதும் அழகு எறங்கிருச்சு பாத்தியா?

நம்மகிட்ட அழகு இல்லாமலா இருந்துச்சு? கூந்தலுக்கு ஐம்பால்னே பேரு வச்ச சனம் நாம. முடி, கொண்டை, சுருள், குழல், பனிச்சைன்னு அஞ்சு வகை. ராக்கொடி, சடைநாகம், குஞ்சலம், தாழம்பூ தச்ச சடை. எல்லாம் இருந்துச்சு. ஆனா படுக்கப் போகும்போது அத்தனையும் எறங்கிரும். எங்க ஆச்சி வெத்தலையக் குதப்பிக்கிட்டே பூவ எடுப்பா, ஊசிய எடுப்பா, மாடக்குழியில வைப்பா. வெரலால சிக்கெடுத்து, தளரத் தளர ஒரு சடை. நுனியில முடிச்சு. அஞ்சு நிமிசம் ஆகாது. காலையில அவுத்தா அலையலையா விழும். இன்னிக்கு அந்த அலைக்கு 'ஹீட்லெஸ் கர்ல்'னு பேரு. அதுக்குன்னு ஒரு துணிக் குழலு, ரெண்டு கிளிப்பு, ஒரு அட்டப்பெட்டி. ஆச்சி இருந்திருந்தா பெட்டிய வாங்கிப் புளி போட்டு வச்சிருப்பா.

சரி, சுருள் ஏன் விழுது? அதையாவது தெரிஞ்சுக்கோ. முடிங்கிறது கெராட்டின்னு ஒரு புரதம். அதுக்குள்ள ஹைட்ரஜன் பிணைப்புன்னு பொடிப்பொடிக் கட்டுக. தண்ணி பட்டா அவுரும், சூடு பட்டா அவுரும். காஞ்சு ஆறும்போது முடி எந்த வாக்குல இருக்கோ அந்த வாக்குலயே மறுபடி கட்டிக்கிடும். பார்லர்க்காரி சூட்டுக்கோல்ல சுருட்டி ஆற விடுதாள்லா, அது இதுக்குத்தான். தாத்தாவோட இஸ்திரி போட்ட வேட்டிய நெனச்சுக்கோ. நெருப்புச் சூட்டுல மடிப்பு கத்தியா நிக்கும். கஞ்சி போட்டிருந்தா இன்னும் நிக்கும். நீ அடிக்கிற ஸ்பிரே அந்தக் கஞ்சிதான். சித்திர மாசம் திருச்செந்தூர் பஸ்ல ஏறி எறங்குனா? கஞ்சியும் போச்சு, மடிப்பும் போச்சு. ஒன் சுருளுக்கும் வேர்வையும் ஈரக்காத்தும்தான் சத்துரு. நீ தலகாணியத் திட்டுத.

தலகாணிக்கும் கொஞ்சம் பங்கு உண்டு, இல்லன்னு சொல்லல. பருத்தித் துணி முடிய உரசும், அதுல இருக்கிற பசையையும் உறிஞ்சும். பட்டும் சாட்டினும் வழுக்கி விட்டுரும். அமெரிக்காவுல கறுப்புப் பொம்பளைக தலமொற தலமொறையா ராத்திரி தலயில துணி கட்டித்தான் படுக்காக. சுருட்டையோ சுருட்டை முடி. எண்ணெப்பசை நுனி வரைக்கும் எறங்காது, காஞ்சு ஒடிஞ்சுரும். அவுக கட்டுறது தேவைக்கு. நீ கட்டுறது செல்பிக்கு.

இங்கதான் நம்ம கல்யாண வீடு வருது. சாயங்காலம் ரிசப்ஷன், விடிய நாலரைக்கு முகூர்த்தம். நடுவுல இருக்கிறது ஒரு சொட்டுத் தூக்கம். பக்கத்து ஊருல ஒரு பொண்ணு அந்தச் சொட்டையும் கொண்டைக்கே எழுதி வச்சுட்டா. ரிசப்ஷன் கொண்டை அம்புட்டு அழகு, நானே அசந்து போனேன். அத அவுக்க மனசில்லாம பிளாஸ்டிக் நாற்காலியில ஒக்காந்தே தூங்குதா. தோழி ஒருத்தி பின்னால நின்னு தல சாயாமப் பிடிச்சுக்கிடுதா. கொஞ்ச நேரத்துக்கு ஒருக்கா ஆள் மாத்தம். கோயில் நகைக்குக்கூட இந்தக் காவல் கிடையாது.

மூணு மணிக்கு அத்தகாரி வந்தா. கையில என்ன? எண்ணெக் கிண்ணம். "எந்திரி தாயி, மங்கள ஸ்நானம்."

பொண்ணு அலறுன அலறல்ல சமையக்காரன் கரண்டியக் கீழ போட்டுட்டான். "அத்த, தலயில வேண்டாம், கையில வைங்க!" அத்தகாரி விடுவாளா? உச்சியில ஒரு கை வச்சா. சித்தி ஒரு கை. பெரியம்ம வந்து மிச்சத்தையும் வச்சுத் தேய்ச்சா. அப்புறம் குடம் குடமாத் தண்ணி. ராத்திரி பூரா காத்தது வாய்க்கால்ல போச்சு. முகூர்த்தத்துக்கு எப்பிடியும் வேற சடைதான், பூ வச்சுத் தச்ச நீளச் சடை. அது எல்லாருக்கும் தெரியும். அவளுக்கும் தெரியும். கேட்டா, "போட்டோவுல ரெண்டும் ஒண்ணு போல இருக்கணும்"ங்கா. போட்டோவுல இப்ப என்ன இருக்கு தெரியுமா? சடை நல்லாருக்கு. பொண்ணு கண்ண மூடிக்கிட்டு இருக்கா. தாலி ஏறும்போது வெக்கம்னு சொல்லிக்கிடுதாக.

பயலுவள விட்டுட்டேன்னு பாக்கியா? எங்க அப்பா காலத்துல பாகவதர் கிராப்பு. அவனுவளும் கண்ணாடிய விட்டு நகர மாட்டானுவ. இப்ப உள்ளவன் ஜெல்லப் போட்டு முடிய நட்டு வச்சிருக்கான். ஹெல்மெட்டப் போடுலன்னா முடி கலையும்ங்கான். முடி கலைஞ்சா சீவிக்கிடலாம். மண்ட கலைஞ்சா?

ஒனக்கு நான் சொல்லுதது இதுதான். பின்னு, ஊசி, கிளிப்பு, சவுரி எல்லாத்தையும் எடு. ஒண்ண விட்டாலும் ராத்திரி மண்டையில குத்தும். ஈரத் தலயோட படுக்காத. இறுக்கியும் கட்டாத. தெனமும் இறுக்கிக் கட்டுனா நெத்தியோரம் முடி கழிஞ்சு ஏறிக்கிட்டே போகும், அப்புறம் காவக்காக்க ஒண்ணும் இருக்காது. தளரப் பின்னு. சாட்டின் உறைக்குத் துட்டுக் குடுக்காத. அம்மா பீரோவுல நைஞ்ச பட்டுச்சேல ஒண்ணு கட்டாயம் கெடக்கும். கரையில சரிகை உரசும், அதக் கத்திரிச்சுட்டு மிச்சத்தத் தலகாணியில சுத்து. காலையில சுருள் வேணுமா, பார்லர்க்காரிய ஒரு மணி நேரம் முன்னால வரச் சொல்லு. அவளுக்கு அதுதான வேல?

இம்புட்டும் கேட்டுட்டு, இல்ல தாத்தா, ஒக்காந்தேதான் தூங்குவேங்கியா? தூங்கு தாயி. திண்ணையில எடம் கெடக்கு. தூணுல மட்டும் சாஞ்சிராத, நேத்துதான் சுண்ணாம்பு அடிச்சிருக்கு.